கெடிலக்கரைத் தெருவின் கறுப்பு ராஜா

என் அண்ணன் ராஜவேல் வருஷம் பூராவும் நெல்லிக்குப்பம் சர்க்கரை ஆலையில் ஃபிட்டர். ஜனவரி ஆறாம் தேதி சாயங்காலம் மட்டும் ராஜா. கரும்பு அரவை மும்முரமாக நடக்கிற சமயத்தில் யாருக்கும் லீவு கிடைக்காது. அண்ணன் யார் யாருக்கோ பொங்கல் ஷிஃப்டு பார்த்துத் தருவதாகச் சொல்லி அந்த ஒரு நாளை வாங்கிவிடுவார். பதினைந்து வயதில் ஆரம்பித்த ராஜா வேஷம், தலை நரைத்தும் விடவில்லை.

கடலூரில் எங்கள் பங்குக் கோவிலில், அதாவது சர்ச்சில், மூன்று ராஜா திருநாள் கிறிஸ்துமஸை விடப் பெரிசு. குழந்தை ஏசுவைத் தேடி வந்த மூன்று ராஜாக்களும் அன்று ஜிகினாக் கிரீடத்தோடு, நட்சத்திர விளக்கின் பின்னால் வீடு வீடாக வருவார்கள். ஒவ்வொரு வீட்டிலும் கூடத்தில் மூன்று நாற்காலி போட்டு வைத்திருக்க வேண்டும். ராஜாக்கள் உள்ளே வந்து உட்கார்ந்து, கொடுத்ததைச் சாப்பிட்டு, நிலைக்கதவில் சாக்பீஸால் சிலுவை போட்டுவிட்டுப் போவார்கள். ராஜா உட்காராத வீட்டுக்கு அந்த வருஷம் நல்லது நடக்காது என்பது எங்கள் ஊர் நம்பிக்கை.

மூவரில் பல்தசார் என்பவர் கறுப்பு ராஜா. கிறிஸ்துமஸ் குடிலில் வைக்கிற சுரூபப் பொம்மையில் அப்படித்தான் இருக்கிறார். அதனால் அந்த வேஷம் கட்டுகிறவருக்கு எங்கள் ஊரில் கரி பூசுவார்கள். கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். பங்கில் இருக்கிற அத்தனை பேரும் கடலூர் வெயிலில் காய்ந்தவர்கள். அதில் இரண்டு பேருக்கு ரோஸ் பவுடர், ஒருத்தருக்கு மட்டும் விளக்கெண்ணெயில் குழைத்த தேங்காய்த்தொட்டிக் கரி. பவுடர் பூசியவருக்கும் கரி பூசியவருக்கும் முழங்கைக்குக் கீழே ஒரே நிறம்தான். யாருக்கும் அது வேடிக்கையாகப் பட்டதில்லை.

கோவில் தெருவில் இருக்கிற வசதியான குடும்பங்கள் முகத்தில் கரி பூசிக்கொள்ளச் சம்மதிக்கவில்லை. ஆகவே அந்த வேஷம் எங்கள் கெடிலக்கரைத் தெருவுக்குத் தள்ளிவிடப்பட்டது. கோவிலுக்குள் எல்லாரும் ஒன்றாகத்தான் முழங்கால் போடுவோம். வெளியே வந்து செருப்பை மாட்டியதும் அவர்கள் சாதி அவர்களுக்கு, எங்கள் சாதி எங்களுக்கு. இதை எழுதினால் சில பேருக்குக் கோபம் வரும். வரட்டும்.

நான் பிரிசில்லா. சென்னையில் இருக்கிறேன். எழுதுகிறேன், ஆவணப்படத் தொடர்கள் தயாரிக்கிறேன். நிறம், இனம், சாதி, நாம் யார் என்று மற்றவர்கள் சொல்வது, இவைதான் என் பிழைப்பு. நைஜீரியாவிலிருந்து படிக்க வந்து வாடகைக்கு வீடு கிடைக்காமல் அலைகிற பையன்களை எடுத்திருக்கிறேன். சினிமாவில் மீனவப் பெண் வேஷத்துக்கு வெள்ளைப் பெண்ணைக் கூட்டிவந்து மாநிறச் சாயம் அடிக்கிறார்களே, அந்த மேக்கப் அறைக்குள் காமெராவோடு போயிருக்கிறேன். தொடரில் நாலு பகுதி முடிந்தது. ஐந்தாவது உங்கள் சொந்தக் கதையாக இருக்கட்டும் என்று பணம் போடுகிறவர்கள் சொன்னார்கள். எனக்கு உடனே அண்ணன் ஞாபகம்தான் வந்தது.

டிசம்பர் தொடக்கத்தில் ஒரு டிரெய்லர் வெட்டி வெளியிட்டேன். அண்ணன் முதன்முதலாகப் பல்தசார் வேஷம் கட்டியபோது எடுத்த போட்டோ. கரிய முகத்தில் பல் மட்டும் தெரிகிறது. அதன்மேல் என் குரல்: "இந்தப் பையன் கறுப்பு. அது போதாது என்று இவனுக்குக் கரி பூசினார்கள்." இரண்டே நாளில் கடலூர் முழுக்க வாட்ஸ்அப்பில் சுற்றியது. மஞ்சக்குப்பத்தில் பஸ் ஏறுகிறவர்கள் கூட அதைப் பற்றிப் பேசுகிறார்கள் என்று அண்ணி இசைவாணி போனில் சொன்னாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. அண்ணன் ஒரு கட்டைவிரல் படம் மட்டும் அனுப்பினார்.

திருநாளுக்கு இரண்டு நாள் முன்னால் ஊருக்குப் போனேன். யூனிட் எல்லாம் கிடையாது, நானும் ஒரு சின்னக் காமெராவும்தான். அண்ணன் சட்டையில் மைக்கைக் குத்தி, கூடத்தில் உட்காரவைத்தேன்.

"அண்ணே, மொத மொத கரி பூசினப்ப ஒனக்கு மனசுல என்னா தோணிச்சி?"

"கண்ணு எரிஞ்சிச்சி. வெளக்கெண்ண உள்ள போயிடிச்சி."

"அது இல்லண்ணே. கஷ்டமா இல்லியா? நீயே கறுப்பு. ஒனக்குப் போயி கரி பூசுனா?"

அண்ணன் சிரித்தார். "அதத்தான் நானும் கரி பூசிவிட்ட கோவில் உபதேசியாருகிட்ட கேட்டேன். அவரு இன்னா சொன்னாரு தெரியுமா? 'டேய், நீ கறுப்புதான், யாரு இல்லன்னா? ஆனா நீ நம்ம ஊரு கறுப்பு. ராஜா ஆப்பிரிக்கா கறுப்பு. வித்தியாசம் தெரியணும்ல'ன்னாரு."

காமெராவுக்குப் பின்னால் நான் பல்லைக் கடித்தேன். அவமானப்பட்டவர் சொல்கிற தொனியா இது? ஜோக்குச் சொல்கிற தொனி. விடாமல் கேட்டேன். கோவில் தெரு வீடுகளில் எப்படி நடத்தினார்கள், யாராவது கேலி செய்தார்களா, யாராவது மூஞ்சியைச் சுளித்தார்களா. அண்ணன் கொஞ்ச நேரம் முட்டியைத் தடவிக்கொண்டிருந்தார்.

"சந்திரலேகா டீச்சர் வூடு தெரியும்ல, அம்மா பாத்திரம் தேச்சிட்டிருந்த வூடு?"

தெரியாமல் என்ன. எங்கள் அம்மா சவரியம்மாள் அந்த வீட்டுக்குப் பின்வாசல் வழியாகப் போய்ப் பின்வாசல் வழியாக வந்தவள். அந்தக் கூடத்தில் என்ன நிறத்தில் தரை போட்டிருக்கிறது என்று கேட்டால் அவளுக்குச் சொல்லத் தெரியாது.

"மொத வருசம் அந்த வூட்டுக்குப் போறோம். மத்த ரெண்டு ராஜாவும் டகார்னு உள்ள போயிட்டாங்க. நான் கேட்டு வாசல்லயே நின்னுட்டேன். டீச்சரு வந்து, 'ராஜா நிக்கக் கூடாது, வாங்க'ன்னாங்க. வாங்கன்னாங்க பாப்பா. என்னய! நான் போயி சோபாவுல உக்காந்தேன். அவுங்க கையாலயே வெள்ளி டம்ளர்ல பாயசம் குடுத்தாங்க. அப்ப சமையக்கட்டுப் பக்கம் அம்மா எட்டிப் பார்க்குது. கையில சாம்பலு. என்னயப் பாத்து சிரிச்சிச்சி பாரு ஒரு சிரிப்பு. அதுக்காவ இன்னும் நூறு தடவ கரி பூசிக்கலாம்."

மைக்கைக் கழற்றும்போது அவர் கண் கலங்கியிருந்தது. அது சந்தோஷத்தில் கலங்கிய கண். எனக்கு வேண்டியது அதுவல்ல. நல்ல காட்சிதான், ஆனால் கரி பூசிக்கொண்டவன் அதைக் கொண்டாடினால் என் ஐந்தாவது பகுதி எங்கே போய் நிற்கும் என்று மனசுக்குள் எரிச்சல் பட்டேன். அன்று எனக்கிருந்த கவலை அவ்வளவுதான்.

மறுநாள் சிதம்பரம் போனோம். ராஜா உடுப்பு அங்கேதான், தெற்கு வீதியிலிருந்து பிரிகிற ஒரு சந்தில், ரஹ்மத்துல்லா பாயின் நாடக டிரஸ் கடையில் வாடகைக்கு எடுப்பது வழக்கம். மூன்று பேருக்கும் சேர்த்து அண்ணன்தான் போய் எடுத்து வருவார். "நீயும் வர்றியா?" என்று அவர் கேட்டதும் நான் காமெராவை மறந்து கிளம்பிவிட்டேன்.

சின்ன வயசில் இந்த ஒரு பயணத்துக்காக வருஷம் முழுக்கக் காத்திருப்பேன். பஸ்ஸில் அண்ணன் மடியில் ஜன்னல் பக்கம். ஆலப்பாக்கம் தாண்டியதும் உப்புக்காற்று முகத்தில் அடிக்கும். பி.முட்லூரில் முறுக்கு விற்கிறவர் ஏறுவார், அண்ணன் எனக்கு மட்டும் வாங்குவார், தனக்குப் பிடிக்காது என்பார். சிதம்பரத்தில் முதல் வேலை இட்லியும் கத்தரிக்காய்க் கொத்சும். அப்புறம்தான் பாய் கடை. கடை முழுக்க அந்துருண்டை வாசனை, உடுப்புக்குள் தலையை விட்டால் போன வாரம் ராஜபார்ட் கட்டியவரின் வியர்வை வாசனை. நேற்று கூத்தில் அரிச்சந்திரனுக்குப் போன அங்கி இன்று எங்கள் ராஜாவுக்கு. எல்லா மதத்து ராஜாவையும் பாய் தன் கையாலேயே உடுத்தி அனுப்பினார். கறுப்பு ராஜாவுக்குப் பச்சை வெல்வெட்டுதான் என்று அவராக ஒரு சட்டம் வைத்திருந்தார். "கறுப்புக்குப் பச்ச எடுக்குற மாதிரி ஒண்ணும் எடுக்காது" என்று அண்ணன் தோளில் போட்டுப் பார்ப்பார். திரும்பி வரும்போது கிரீடம் என் தலையில் இருக்கும். ஒரு தடவை கண்டக்டர் எனக்கு சல்யூட் வைத்து, "மகாராணிக்கு டிக்கெட் உண்டா, இல்லியா?" என்று கேட்டார். பஸ்ஸே சிரித்தது. நான் சிரிக்கவில்லை, மகாராணி எதற்குச் சிரிக்க வேண்டும்?

இதையெல்லாம் பஸ்ஸில் நானும் அண்ணனும் மாற்றி மாற்றிச் சொல்லிக்கொண்டே போனோம். முறுக்கு விற்கிறவர் இல்லை, பைபாஸ் வந்துவிட்டது, பஸ் எங்கெங்கோ ஏறி இறங்குகிறது. ஆனால் உப்புக்காற்று அப்படியேதான் அடித்தது. இத்தனை நாள் இந்த ஊரைப் பற்றிக் கோபமாக மட்டுமே எழுதியிருக்கிறேனே, எனக்கு இது இவ்வளவு பிடிக்கும் என்று ஒரு வரி எழுதியதில்லையே என்று தோன்றியது.

பாய் காலமாகிவிட்டார். இப்போது அவர் மகள் ஷாசியா கடையைப் பார்த்துக்கொள்கிறாள். அண்ணனைப் பார்த்ததும் அவள் முகம் மலர்ந்தது, உடனே குழம்பியது.

"வாங்க மாமா. டிரஸ்ஸுல எதுனா கொற இருக்கா?"

"இனிமேத்தானம்மா எடுக்கணும்."

"உங்க கோவில்லேருந்து முந்தாநாளே பசங்க வந்து மூணு செட்டும் எடுத்துட்டுப் போயிட்டாங்களே மாமா. பச்சையும் சேத்துதான். நான் கூட மாமா ஏன் வரலன்னு கேட்டேன்."

அண்ணன் ஒரு விநாடிதான் நின்றார். பிறகு நெற்றியில் தட்டிக்கொண்டார். "ஆமாமா. நாந்தான் போயி எடுத்துக்குங்கடான்னு சொல்லியிருந்தேன். வயசாவுது பாரு, மறந்துட்டேன்." ஷாசியாவின் பிள்ளைகள் படிப்பை விசாரித்தார். டீ வேண்டாம் என்றார். சந்து திரும்புகிற வரைக்கும் சிரித்த முகமாகவே நடந்தார். அப்புறம் சிதம்பரம் கோவில் மதில் ஓரமாகப் போய் நின்று, யாரையும் பார்க்காமல் வேட்டியை அவிழ்த்து அவிழ்த்துக் கட்டினார்.

பஸ் ஸ்டாண்டில் கொஞ்சம் தள்ளி நின்று செம்பியனுக்குப் போன் போட்டேன். அவன் கோவில் தெருப் பையன், சாஃப்ட்வேர்க்காரன், கோவில் காரியங்களைப் பார்க்கிற பங்குப் பேரவையின் செயலாளர். என் புத்தகங்களை வரிவிடாமல் படிக்கிறவன்.

"அக்கா! நானே கூப்பிடணும்னு இருந்தேன். உங்க டிரெய்லர் பாத்து நாங்க எல்லாரும் ஆடிப்போயிட்டோம். மீட்டிங் போட்டு இந்த வருசத்துலேருந்து கரி பூசுறத ஒழிச்சிட்டோம்க்கா. தீர்மானமே போட்டாச்சி."

"நல்லது செம்பியா. பல்தசார் யாரு?"

"அதுக்குத்தான் இப்ப செம டிமாண்டு. கரி இல்லன்னதும் எங்க தெருவுலயே எட்டு பேரு கேட்டாங்க. சீட்டுக் குலுக்கிப் போட்டோம்."

"எங்க தெரு பேரு சீட்டுல இருந்துதா?"

"இல்லக்கா... அது உங்க தெருவுக்கு அவமானம்னு நீங்கதானே சொன்னீங்க. திரும்ப உங்களயே கூப்புட்டா தப்பாயிடும்னு நெனச்சோம். ராஜவேல் அங்கிள் இதுலேருந்து வெளிய வரணும்னு தானே உங்க ஆசையும்?"

அவன் குத்தலாகப் பேசவில்லை. மனசாரத்தான் சொன்னான். அதனால் அவனைத் திட்டவும் முடியவில்லை. வேண்டாத வேஷமாக இருந்த வரைக்கும் அது எங்களுடையது. அதிலிருந்த அழுக்கை நான் துடைத்துக் கொடுத்தேன், அவர்கள் எடுத்துக்கொண்டார்கள். வெயிலில் நின்றுகொண்டு எனக்கு உடம்பெல்லாம் கூசியது.

அண்ணனிடம் சொல்லாமல் இருக்க முடியவில்லை. பஸ்ஸில் உட்கார்ந்ததும் எல்லாவற்றையும் சொன்னேன். பங்குச் சாமியாரைப் பார்த்துப் பேசுகிறேன், இன்றைக்கே பேசுகிறேன் என்றேன்.

"பேசி? எனக்கு வேசம் வாங்கிக் குடுக்கப் போறியா?" என்றார். டிக்கெட்டை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, "வுடு பாப்பா. சின்னப் பசங்க. அவுங்களுக்கும் ஆசை இருக்கும்ல" என்றார். அதற்கப்புறம் கடலூர் வரைக்கும் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டே வந்தார். நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். அவர் கையை இழுத்துக்கொள்ளவில்லை, அவ்வளவுதான் எனக்கு ஆறுதல்.

ஆறாம் தேதி லீவு ஏற்கெனவே வாங்கியாகிவிட்டது. அண்ணன் காலையிலேயே எழுந்து வீட்டைக் கழுவினார். மத்தியானமே குளித்து, வெள்ளைச் சட்டை போட்டு, கூடத்தில் மூன்று நாற்காலியை அவரே கொண்டுவந்து போட்டார். எத்தனையோ வருஷமாக இந்த வீட்டுக்கு ராஜாவாக வந்தவர், முதல் தடவையாக வீட்டுக்காரராக ராஜாக்களுக்குக் காத்திருந்தார். "நல்லாத்தான் இருக்கு, வேடிக்க பாக்கலாம்" என்று அண்ணியிடம் சொன்னார். அண்ணி பாயசத்தைக் கிளறினாள்.

தெரு முழுக்க இப்படித்தான். எல்லா வீட்டுக் கூடத்திலும் மூன்று நாற்காலி, எல்லா வீட்டிலும் ஏதோ ஒரு இனிப்பு. அண்ணன் ராஜாவாக இருந்த காலத்தில் ஊர்வலம் எங்கள் தெருவில் நெடுநேரம் நிற்கும். மற்ற இரண்டு பேரும் நெளிவார்கள். இவர் அவர்கள் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப்போய் உட்காரவைத்துவிடுவார். ஒரு ராஜா உட்கார்ந்தால் மற்றவர்களும் உட்கார்ந்துதான் ஆக வேண்டும். ஒரு வீடு விட்டதில்லை. அது வேஷத்தில் சேர்ந்த வேலை என்று நான் நினைத்திருந்தேன், அண்ணனாகச் செய்தது என்று இப்போதுதான் புரிந்தது.

இருட்டுகிற நேரத்தில் நட்சத்திர விளக்கு தெருமுனையில் தெரிந்தது. பிள்ளைகள் ஓடினார்கள். ராஜாக்கள் வேகமாக வந்தார்கள். மூன்று பேருக்கும் ரோஸ் பவுடர். பச்சை வெல்வெட்டு போட்டிருந்த பையனுக்கு அங்கி கொஞ்சம் நீளம், ஒரு கையால் தூக்கிப் பிடித்திருந்தான். செம்பியன் போனில் படம் எடுத்துக்கொண்டே முன்னால் வந்தான். ஒவ்வொரு வீட்டிலும் வாசலோடு நின்று, கேட்டுத் தூணில் சாக்பீஸால் ஒரு சிலுவை கிழித்துவிட்டு அடுத்த வீட்டுக்கு நகர்ந்தார்கள். யாரும் படியேறவில்லை.

எங்கள் வீட்டு வாசலில் அண்ணன் கைகூப்பி நின்றார்.

"வாங்க ராஜா. உள்ள வாங்க."

"இன்னும் நெறைய வீடு இருக்கு அங்கிள்," என்றான் பச்சை வெல்வெட்டு.

"ரெண்டே நிமிசம்ப்பா. ராஜா வந்தா உக்காரணும். நாற்காலி போட்டு வச்சிருக்கு."

அந்தப் பையன் செம்பியனைப் பார்த்தான். செம்பியன் போனைத் தாழ்த்திக்கொண்டு என்னைப் பார்த்தான், உடனே கண்ணைத் திருப்பிக்கொண்டான். அண்ணி பாயச டம்ளரோடு படியிறங்கி வந்தாள்.

"வயிறு ஃபுல்லு ஆன்ட்டி, சாரி," என்று சொல்லிவிட்டு ராஜா நடந்தான். அங்கி மண்ணில் இழுபட்டுக்கொண்டே போனது.

அண்ணன் கூப்பிய கையை இறக்க மறந்து நின்றார். விளக்கு தெருவைத் தாண்டி மறைந்தது. எதிர்வீட்டிலும் பக்கத்து வீட்டிலும் ஆட்கள் வாசலிலேயே நின்றார்கள். நான் "அண்ணே" என்றேன். எல்லாம் என்னால் வந்தது என்று சொல்ல நினைத்தேன். சொன்னால் அவர்தான் என்னைத் தேற்ற வேண்டியிருக்கும்.

அவர் உள்ளே போனார். மூன்று நாற்காலியில் நடு நாற்காலியில் உட்கார்ந்து, சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார்.

"பாப்பா, அந்த மைக்க எடுத்தா."

"வேணாண்ணே."

"எடுத்தா. முந்தாநாளு நீ கேட்டுக்கிட்டே இருந்த. எனக்கு நெசமாவே சொல்லத் தெரியல. நான் ஒன்னும் மறைக்கல, அவமானம்னு ஒண்ணு இருந்தாத்தான சொல்றதுக்கு?" பக்கத்தில் காலியாக இருந்த நாற்காலியைத் தொட்டுக் காட்டினார். "இப்ப இருக்கு. ஒனக்கு இதான வேணும்? எடுத்துக்க."

நான் மைக்கை அவர் சட்டையில் குத்தினேன். இரண்டு தடவை தவறியது. மூன்றாம் தடவை அவரே என் விரலைப் பிடித்து, சரியான இடத்தில் வைத்துக் கொடுத்தார்.